எந்தெஸாமி என்ற நடிகர்

ஈரானியப் படங்களைப் பற்றிப் பேச்சு வந்தால் போதும், "அங்கே யாரும் நடிப்பதில்லை, தெருவில் போகிறவரை அழைத்து கேமரா முன் நிறுத்திவிடுவார்கள்" என்று யாராவது சொல்லிவிடுகிறார்கள். ஈரானிய இயக்குநர் கியாரோஸ்தமியின் படங்களை மட்டும் பார்த்தவர்கள் அப்படிச் சொல்வது புரிகிறது. ஆனாலும் எஸத்தொல்லா எந்தெஸாமியை நினைத்தால் எனக்குப் பொறுக்கவில்லை.

1924-இல் தெஹ்ரானில் பிறந்தவர் அவர். லாலேசார் தெருவின் நாடக அரங்குகளில், திரை விலகுவதற்கு முன் பாடப்படும் பாட்டுகளைப் பாடித் தொழிலைத் தொடங்கினார். 1950-களில் ஜெர்மனியின் ஹனோவர் நகருக்குப் போய்ப் படித்துத் திரும்பினார். இயக்குநர் தாரியூஷ் மெஹ்ர்ஜுயியின் 'பசு' படம் 1969-இல் எடுக்கப்பட்டபோது அவருக்கு நாற்பத்தைந்து வயது. அத்தனை ஆண்டு மேடைப் பழக்கமும் அந்த உடம்பில் ஊறியிருந்தது.

படத்தில் ஊருக்கே ஒரே பசு. அதை வைத்திருக்கும் ஹசன் (எந்தெஸாமி) வெளியூர் போன நேரத்தில் அது செத்துப்போகிறது. அவன் தாங்கமாட்டான் என்று ஊரார் அதைப் பழைய கிணற்றில் புதைத்துவிட்டு, ஓடிப்போய்விட்டது என்கிறார்கள். பசு ஓடிப்போகாது என்று அவனுக்குத் தெரியும். தொழுவத்தின் கூரைமேல் ஏறி உட்கார்ந்துகொள்கிறான். பிறகு வைக்கோலை மெல்லத் தொடங்குகிறான். "நான் ஹசன் இல்லை, ஹசனின் பசு" என்கிறான்.

கொஞ்சம் பிசகினாலும் பார்ப்பவர்கள் சிரித்துவிடக்கூடிய இடம் அது. யாரும் சிரிப்பதில்லை. எந்தெஸாமியின் கண்ணில் வெறி இல்லை, ஒரு மாட்டின் மிரட்சிதான் இருக்கிறது. கழுத்து கனத்துப்போய்த் தலை தாழ்கிறது. கடைசியில் அவனைக் கயிற்றால் கட்டி மழையில் நகரத்துக்கு இழுத்துப்போகும்போது, அவன்மீது அன்புள்ள மனிதனே மாட்டை அடிப்பதுபோல் அடிக்கிறான். அந்த அடியை அவர் வாங்கும் விதத்தைப் பார்த்துவிட்டு அன்றிரவு நான் சாப்பிடவில்லை. தெருவில் பிடித்து நிறுத்திய ஒருவரால் இது முடியுமா? உடன் நடித்த அலி நசிரியானும் ஜம்ஷித் மஷாயேகியும் மேடையிலிருந்து வந்தவர்களே. 1971-இல் சிகாகோ விழாவில் எந்தெஸாமிக்குச் சிறந்த நடிகர் விருது கிடைத்தது.

ஈரான் மன்னர் ஷாவின் அரசு 'பசு' படத்தை முடக்கி வைத்தது. 1979 புரட்சிக்குப் பிறகு ஆட்சிக்கு வந்த கொமெய்னி அதைப் பாராட்டினார். இரண்டு ஆட்சிகளிலும் எந்தெஸாமி நடித்துக்கொண்டேயிருந்தார். அலி ஹாத்தமியின் 'ஹாஜி வாஷிங்டன்' படத்தில் அமெரிக்காவுக்குப் போன ஈரானின் முதல் தூதர் அவர். வேலையே இல்லாத தூதரகத்தில் தன்னந்தனியாக ஆட்டை அறுத்தபடி பேசிக்கொண்டே போகும் காட்சி ஒன்று போதும். நம் நடிப்புப் பள்ளிகளில் அதைத் திரையிட வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை.

1992-இல் இயக்குநர் மக்மல்பாஃப் எடுத்த படத்தில் எந்தெஸாமி, பத்தொன்பதாம் நூற்றாண்டு ஈரான் மன்னர் நாசிருத்தீன் ஷாவாக வருகிறார். சினிமாமீது மையல் கொண்டு அரியணையை மறந்த அரசர். நடிக்க வந்த அந்த அரசரைப் பசுவாக மாறச் சொல்கிறார்கள். அறுபது வயதைக் கடந்த எந்தெஸாமி மறுபடியும் குனிகிறார். கழுத்து அதேபோல் கனக்கிறது.