வெடியுப்பும் பாசல் ஒப்பந்தமும்

பிரெஞ்சுக் குடியரசு ஆஸ்திரியா, ஜெர்மானிய அரசான பிரஷ்யா முதலிய நாட்டு மன்னர்களின் கூட்டணியை எதிர்த்து நின்ற கதையைச் சொல்பவர்கள் பெரும்பாலும் 1792 செப்டம்பர் 20, வால்மிப் போரோடு நிறுத்திவிடுகிறார்கள். மக்கள் படை "தேசம் வாழ்க" என்று முழங்கியது, பிரஷ்யப் படை திரும்பிப் போனது. முழங்கியது உண்மைதான். ஆனால் அன்று நடந்தது பெரும்பாலும் பீரங்கிச் சண்டை. இரு தரப்பிலும் செத்தவர், காயம்பட்டவர் எல்லாம் சேர்ந்து சுமார் 500 பேர். அந்தப் பீரங்கிகளை இயக்கியவர்கள் பழைய அரச படையில் தேறியவர்கள். பிரஷ்யர்களோ விடாத மழையிலும் வயிற்றுக்கடுப்பிலும் ஏற்கெனவே நொந்து கிடந்தார்கள்.

உற்சாகமே போதும் என்றால் 1793 மார்ச்சில் இன்றைய பெல்ஜியத்தின் நீர்விண்டனில் ஆஸ்திரியரிடம் ஏன் தோற்றார்கள்? 1792-இன் தொண்டர்கள் ஒரு போர்ப்பருவத்துக்கு மட்டும் பெயர் கொடுத்தவர்கள். அது முடிந்ததும் பலர் ஊருக்குப் போய்விட்டார்கள். ஏப்ரலில் தளபதி துமூரியேவே ஆஸ்திரியர் பக்கம் ஓடிவிட்டார்.

பிரான்ஸ் மீண்டது நிர்வாகத்தால் என்பது என் உறுதியான கருத்து. பழைய பட்டாளம் ஒன்றுக்குத் தொண்டர் பட்டாளம் இரண்டு என்று சேர்த்து, ஒரே சம்பளம், ஒரே சீருடை கொடுத்தார்கள். பழைய பட்டாளத்தின் வெள்ளைச் சட்டைக்கும் தொண்டர்களின் நீலச் சட்டைக்கும் இருந்த பகை அப்படித்தான் தணிந்தது. 1793 பிப்ரவரியில் சட்டம் வந்தும், 1794-இல்தான் அது களத்தில் முழுமையாக நடைமுறைக்கு வந்தது.

அடுத்தது வெடிமருந்து. ஆறு பங்கு வெடியுப்பு (பொட்டாசியம் நைட்ரேட்), ஒரு பங்கு கரி, ஒரு பங்கு கந்தகம். பீகாரின் வெடியுப்பு ஆங்கிலேயக் கம்பெனியின் கையில், கடலும் அவர்கள் வசம். ஆகவே நிலவறையிலும் தொழுவத்திலும் சுவரோரம் உப்புப் பூத்த மண்ணை மக்களே சுரண்டினார்கள். அடியில் துளையிட்டு வைக்கோல் பரப்பிய பீப்பாயில் மண்ணைக் கொட்டித் தண்ணீர் ஊற்ற வேண்டும். வடிந்த நீரை உடனே காய்ச்சினால் விறகுதான் வீண். அதை அடுத்த பீப்பாயின் புது மண்ணில் ஊற்றி அடர்த்தி ஏற்ற வேண்டும். பிறகு சாம்பல் நீர். இதைச் சேர்க்காவிட்டால் சுண்ணாம்புச் சத்துள்ள உப்பு தங்கி, ஈரத்தை இழுத்து, மருந்து நமுத்துப்போகும். கொப்பரையில் காய்ச்சும்போது சாதா உப்பு முதலில் படியும். அதை அள்ளிப் போட்டுவிட்டு ஆறவிட்டால் வெடியுப்பு ஊசி ஊசியாக உறையும். இதைக் கற்றுக்கொடுக்க 1794-இல் மாவட்டங்களிலிருந்து ஆட்களைப் பாரிசுக்கு வரவழைத்தார்கள். மோன்ஜ், ஃபூர்க்ருவா, பெர்த்தொலே போன்ற அறிஞர்கள் வகுப்பெடுத்தார்கள். ஒரு போரில் அறிவியல் இவ்வளவு நேராக மக்கள் கைக்கு வந்ததை நினைத்தால் இன்றும் எனக்குச் சிலிர்க்கிறது.

ஆனாலும் கூட்டணி உடைந்ததில் பெரிய பங்கு போலந்துக்கு உண்டு. இதைப் பலர் சொல்வதே இல்லை. 1793-இல் ரஷ்யாவும் பிரஷ்யாவும் போலந்தைக் கூறுபோட்டபோது ஆஸ்திரியாவுக்குப் பங்கில்லை. கூட்டாளிகளுக்குள் அன்றே கசப்பு விழுந்தது. 1794-இல் பிரிட்டனும் ஹாலந்தும் 62,400 பிரஷ்ய வீரர்களுக்குப் பணம் கட்டின. ஆனால் பிரஷ்ய மன்னர் போலந்துத் தலைவர் கொஸ்சியுஸ்கோவின் கிளர்ச்சியை அடக்க வார்சாவை முற்றுகையிடப் போய்விட்டார். பிரான்சுக்கு எதிரான ரைன் ஆற்று முனையில் பிரஷ்யப் படை ஏறக்குறைய அசையவில்லை.

பிரெஞ்சுத் தூதர் பார்த்தெலெமி அந்த விரிசலைப் பிடித்துக்கொண்டார். 1795 ஏப்ரல் 5, சுவிஸ் நகரான பாசலில் பிரஷ்யாவோடு ஒப்பந்தம். தன் அரசனைக் கொன்ற குடியரசோடு ஓர் அரசன் சமாதானம் செய்துகொண்டான். ரைனின் இடக்கரை நிலம் பிரான்சிடம் நிலைத்துவிட்டால் பிரஷ்யாவுக்கு வேறிடத்தில் ஈடு என்பது ரகசிய ஷரத்து. ஜூலையில் ஸ்பெயினும் விலகியது.

அதே ஆண்டு மே மாதம் டச்சு நகரான ஹேக்கில் பிரெஞ்சுக்காரர்கள் செய்ததை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. தாங்கள் பிடித்து "சகோதரக் குடியரசு" என்று அழைத்த ஹாலந்திடம் 10 கோடி கில்டர் (டச்சு நாணயம்) கேட்டார்கள். 25,000 பிரெஞ்சு வீரர்களின் செலவும் அதன் தலையில் விழுந்தது. அதற்கு முன்பே இங்கிலாந்துக்குத் தப்பியிருந்த டச்சு ஆட்சித்தலைவர் ஐந்தாம் வில்லியம், டச்சுக் குடியேற்றங்களை ஆங்கிலேயரிடம் ஒப்படைக்கச் சொல்லிப் பிப்ரவரியில் லண்டனை அடுத்த கியூவிலிருந்து கடிதம் எழுதியிருந்தார். அந்தக் கடிதத்தைக் காட்டித்தான் ஆங்கிலேயப் படை இலங்கைக்கு வந்தது. ஆகஸ்டில் திருகோணமலை, செப்டம்பரில் யாழ்ப்பாணம், 1796 பிப்ரவரியில் கொழும்பு என்று டச்சுக் கோட்டைகள் கைமாறின.