கல்யாண அட்டையில் ரத்த ரிசல்ட் எதற்கு?

ரத்தச் சிவப்பணுக்கள் அரிவாள் போல வளைந்துபோகும் பரம்பரை நோயான அரிவாள் செல் ரத்தசோகையை 2047-க்குள் ஒழிக்க மத்திய அரசு 2023 ஜூலையில் ஒரு திட்டம் தொடங்கியது. பழங்குடிப் பகுதிகளில் 40 வயது வரையுள்ள 7 கோடிப் பேருக்குப் பரிசோதனை. ரிசல்ட்டோடு கையில் ஓர் அட்டையும் தருகிறார்கள். நம் நீலகிரிக்கும் இதில் நேரடிச் சம்பந்தம் உண்டு. இந்தியாவில் இந்த மரபணுவை முதலில் கண்டதே 1952-இல், அங்குள்ள பழங்குடி மக்களிடம்தான்.

பரிசோதனை வேண்டும், சந்தேகமே இல்லை. கை கால் வலியில் துடிக்கும் பிள்ளையை ராத்திரியில் தூக்கிக்கொண்டு மலையிறங்கும் தாய்க்கு அதன் அருமை தெரியும். என் பயமெல்லாம் அந்த அட்டை கல்யாணப் பேச்சுக்குள் வருவதைப் பற்றித்தான்.

கேரியர் என்றால் நோயாளி இல்லை, அந்த மரபணுவை அப்பா அம்மாவில் ஒருவரிடமிருந்து மட்டும் பெற்றவர். இருவருமே கேரியராக இருந்தால் ஒவ்வொரு கர்ப்பத்திலும் குழந்தைக்கு நோய் வர 25 சதவீத வாய்ப்பு. ஒருவர் மட்டும் கேரியர், மற்றவர் ரத்தத்தில் எந்தக் கோளாறும் இல்லை என்றால் குழந்தைக்கு அந்த நோய் வராது. இதைப் பொறுமையாக உட்கார்ந்து சொல்ல ஆள் வேண்டும். "மூத்தவனுக்கு வந்துடுச்சு, அடுத்த மூணுக்கும் பயமில்ல" என்று கணக்குப் போடுகிறவர்களிடம், அடுத்த கர்ப்பத்துக்கும் அதே 25தான் என்று புரியவைக்க வேண்டும். ஆள் இல்லாத இடத்தில் அட்டை இன்னொரு செவ்வாய் தோஷம் ஆகிவிடும். அதுவும் பெண்ணின் அட்டையைத்தான் முதலில் கேட்பார்கள். பையனுடையதை யார் கேட்கப் போகிறார்கள்?

கிரேக்கத்தின் ஓர்கொமெனோஸ் ஊரில் 1970-களிலேயே இது நடந்தது. பரிசோதனை செய்தார்கள், கேரியர்கள் மேல் களங்கம் விழுந்தது, வரன் பேசும்போது சிலர் விஷயத்தையே மறைத்தார்கள். அமெரிக்க விமானப்படை அகாடமி 1981 வரை கேரியர்களைச் சேர்க்கவே இல்லை, அவர்கள் ஆரோக்கியமாக இருந்தும்.

சைப்ரஸில் நோய் வேறு, தலசீமியா. அதுவும் இதே மாதிரி பரம்பரையாக வரும் ரத்த நோய்தான். அங்கே சர்ச்சில் கல்யாணம் என்றால் சான்றிதழ் வேண்டும். ஆனால் அதில் 'பரிசோதித்தாயிற்று, ஆலோசனை தந்தாயிற்று' என்பது மட்டுமே இருக்கும், ரிசல்ட் இருக்காது. அது அந்த ஜோடிக்கு மட்டும் தெரிந்த விஷயம். இருவரும் கேரியர் என்று தெரிந்த ஜோடிகளில் பெரும்பாலோர் பிரியவில்லை, தெரிந்தே கட்டிக்கொண்டார்கள். கர்ப்பத்தில் பரிசோதித்துப் பார்த்து, என்ன செய்வது என்று அவர்களே முடிவெடுத்தார்கள்.

இங்கேயும் அப்படித்தான் வேண்டும். ரிசல்ட்டை முகாமில் பேர் சொல்லிக் கூப்பிட்டு, அப்பா சித்தப்பா முன்னால் வாசிக்கக் கூடாது. வயது வந்த பெண் என்றால் அவளிடம் தனியாகச் சொல்லுங்கள், அவள் மொழியில். பையனுக்கும் அதே மாதிரி. 'கட்டிக்காதே', 'கலைச்சிடு' என்று உத்தரவு போடுவது ஆலோசகர் வேலை இல்லை. ஊசி போடும் நர்ஸிடமே போகிற போக்கில் இதையும் தலையில் கட்டாமல், கூடலூர் பந்தலூர் பக்கம் இதற்கென்றே பயிற்சி பெற்ற ஆட்களை, முடிந்தால் அந்தச் சமூகங்களிலிருந்தே, நிரந்தரச் சம்பளத்தில் போடுங்கள்.