ஸ்டேஷன்ல எழுதி வாங்கினது பத்திரம் ஆகாது

வரப்புத் தகராறை ஒரு இன்ஸ்பெக்டர் ஸ்டேஷன்லயே தீர்த்து வைக்கிற அந்த வீடியோவை ஆளாளுக்கு ஷேர் பண்ணிட்டீங்க. கால் மணி நேரத்துல எல்லை சொல்லி, பெரியவர்கிட்ட "இனி உரிமை கோர மாட்டேன்"னு எழுதி வாங்கிட்டாராம் இன்ஸ்பெக்டர். கமெண்ட் முழுக்க "இவர்தான்யா நிஜ ஜட்ஜ்". ரொம்ப சந்தோஷம்.

அந்தப் பேப்பரை வச்சு நாளைக்கு என்ன செய்வீங்க? 100 ரூபாயும் அதுக்கு மேலயும் மதிப்புள்ள அசையாச் சொத்துல உரிமையை விட்டுக்கொடுக்கணும்னா பதிவு செஞ்ச பத்திரம் வேணும். 1908 பதிவுச் சட்டம், 17ஆம் பிரிவு. ஸ்டேஷன் வெள்ளைத்தாள் வில்லங்கச் சான்றுல ஏறாது, பட்டாவை மாத்தாது. அந்தப் பெரியவர் 60 தாண்டினவரா இருந்தா, சாட்சியா விசாரிக்கக்கூட, அவரா விரும்பி வந்தாலொழிய, போலீஸ் அவர் வீட்டுக்குத்தான் போகணும். பி.என்.எஸ்.எஸ்.ங்கற புது குற்றவியல் நடைமுறைச் சட்டம், 179ஆம் பிரிவு. இங்க பெஞ்சுல உட்கார வச்சு வீடியோ வேற.

"அப்ப போலீஸ் எதுக்கு?" நியாயமான கேள்வி. அத்துமீறி நுழைஞ்சு அடிச்சா, போலிப் பத்திரம் காட்டி ஏமாத்தினா, ஆள்மாறாட்டம் நடந்தா போலீஸ்தான். வாரண்ட் இல்லாமலே கைது செய்யக்கூடிய குற்றம் புகார்லயே தெரிஞ்சா எஃப்.ஐ.ஆர். போட்டே ஆகணும்னு 2013லயே லலிதா குமாரி வழக்குல சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. ஆனா அங்க மட்டும் "சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போ"ன்னு புகார் ரசீதான சி.எஸ்.ஆரை முடிச்சு வைப்பாங்க! கைகலப்பு வர்ற நிலைமைன்னா வருவாய்க் கோட்டாட்சியரான ஆர்.டி.ஓ.வுக்கு போலீஸ் அறிக்கை அனுப்பலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துல 145ஆம் பிரிவு, இப்ப பி.என்.எஸ்.எஸ்.ல 164. அவரும் நிலம் யார் அனுபவத்துல, அதாவது யார் கைவசம் இருக்குன்னுதான் பார்ப்பார். யார் சொந்தக்காரர்னு சொல்ல அவருக்கே அதிகாரம் இல்ல. இன்ஸ்பெக்டருக்கு எங்கிருந்து வந்துச்சு?

"கோர்ட்டுக்குப் போனா பேரன் காலத்துலதான் தீர்ப்பு." தீர்ப்பு இழுக்கும், மறுக்கல. இடைக்காலத் தடை அப்படி இல்ல. உறுத்துக்கட்டளை, அதாவது தடையுத்தரவு கேட்கிற வழக்கோட, சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 39ல இடைக்காலத் தடைக்கு ஒரு மனு, ஆர்டர் 26 ரூல் 9ல இடத்தை நேர்ல பார்க்க கோர்ட் அனுப்பற அட்வகேட் கமிஷனர் கேட்டு ஒரு மனு. கமிஷனர் சர்வேயரோட வந்து, எஃப்.எம்.பி.ங்கற புல வரைபடம் வச்சு அளந்து, பிளானோட ரிப்போர்ட் கொடுப்பார். தடையை மீறினவருக்கு மூணு மாசம் வரைக்கும் சிவில் சிறை. போலீஸ் பாதுகாப்பையும் கோர்ட் மூலமாவே கேட்கலாம். அப்ப வரட்டும் இன்ஸ்பெக்டர், கைதட்டறேன்.

வழக்கு கெடறது வேற இடத்துல. சொத்து விவரத்துல நாலு எல்லை தப்பு. உட்பிரிவு ஆனது தெரியாம பழைய சர்வே நம்பர். யு.டி.ஆர்.ங்கற நிலப் பதிவேடு புதுப்பிப்புல பேர் மாறினதைப் பார்க்காம, தாய்ப்பத்திரமும் எடுக்காம, பட்டாவை மட்டும் தூக்கிட்டு வர்றது. பட்டா வருவாய்த்துறைப் பதிவு. அது உரிமையைக் கொடுக்காது. எல்லாத்தையும்விடக் கொடுமை, நிலத்தை விட்டு விரட்டப்பட்டவர் "ஸ்டேஷன்ல பேசிட்டு இருக்காங்க"ன்னு காத்துக் கிடக்கறது. குறித்தவகைத் தீர்வழிச் சட்டம் 6ஆம் பிரிவுல, உரிமையை நிரூபிக்காமலே அனுபவத்தை மீட்க முடியும், ஆனா ஆறே மாசம்தான் கெடு. பேச்சுவார்த்தைலயே அது முடிஞ்சிடும். அப்புறம் யாருக்கு உரிமைங்கற கேள்வியும் வழக்குக்குள்ள வந்துடும். அந்த ஆறு மாசத்தை வீடியோவுக்கு ஹார்ட் விட்டவங்க யாராவது திருப்பிக் கொடுப்பீங்களா?

"வக்கீல் ஃபீஸுக்காகப் பேசறான்"னு எழுதப் போறவங்களுக்கு: எழுதுங்க, பழகிடுச்சு. ஃபீஸ் முடியலைன்னா தாலுகா சட்டப் பணிகள் குழுவுக்குப் போங்க. பெண்களுக்கும் எஸ்.சி., எஸ்.டி. மக்களுக்கும் வருமான வரம்பே கிடையாது, வக்கீல் இலவசம். சமாதானம்தான் வேணும்னாலும் அங்கேயே லோக் அதாலத் இருக்கு. அங்க ஒத்துக்கிட்டது கோர்ட் டிகிரிக்குச் சமம், அப்பீல் கிடையாது.