8 விநாடிக் கவனம், 9 விநாடித் தங்கமீன்: உண்மை என்ன?

"செல்போனால் மனிதனின் கவனம் 8 விநாடியாகச் சுருங்கிவிட்டது, தங்கமீனுக்கே 9 விநாடி" என்று சுற்றும் பதிவு தவறு. 2015-இல் மைக்ரோசாஃப்டின் கனடா பிரிவு விளம்பரதாரர்களுக்காக வெளியிட்ட அறிக்கையில் இந்த எண் இருந்தது உண்மைதான், ஆனால் அவர்களே அளந்தது இல்லை, ஒரு புள்ளிவிவர இணையதளத்திலிருந்து அப்படியே எடுத்துப் போட்டது. 2017-இல் பிபிசி தோண்டிப் பார்த்தபோது அதற்குப் பின்னால் எந்த ஆய்வும் சிக்கவில்லை. தங்கமீன் பாவம், நெம்புகோலை அழுத்தினால் இரை வரும் என்று பழக்கினால், எந்த நேரத்தில் அழுத்தவேண்டும் என்பதுகூட அதற்குப் பிடிபட்டுவிடும்.

சரி, திரை நம்மை மாற்றவே இல்லையா? மாற்றியிருக்கிறது. ஆய்வாளர் குளோரியா மார்க் கவனித்ததில், ஒரு திரையில் நிலைத்த நேரம் 2004-இல் சராசரியாக இரண்டரை நிமிடம், பின்னாளில் சுமார் 47 விநாடி. இது எவ்வளவு சீக்கிரம் தாவுகிறோம் என்ற கணக்கு, அவ்வளவுதான். அதே ஆட்கள்தான் பிடித்த தொடரை விடிய விடியப் பார்க்கிறார்கள்.