திரையரங்குப் பிரதிகளைக் காக்கும் ரசிகர்கள்

ஜார்ஜ் லூகஸின் ஸ்டார் வார்ஸ் 1977இல் திரையரங்குகளில் ஓடிய அதே வடிவில் பிறகு கடைகளில் கிடைப்பது அரிதாகிவிட்டது. 1997இல் கணினி வரைகலை சேர்த்துத் திருத்தப்பட்ட பதிப்பே அதன் இடத்தைப் பிடித்தது. ஆகவே ரசிகர் குழு ஒன்று, படம் வெளியான ஆண்டிலேயே அச்சான 35 மி.மீ. டெக்னிகலர் பிரதியைத் தேடிப் பிடித்து, ஸ்கேன் செய்து, தூசியையும் கீறலையும் நீக்கி, 4கே77 என்ற பெயரில் பழைய வடிவத்தை மீட்டெடுத்தது. டெக்னிகலர் பிரதியையே அவர்கள் நாடியதற்குக் காரணம் உண்டு. அக்காலத்து ஈஸ்ட்மன் வண்ணப் பிரதிகளில் மற்ற நிறங்கள் வெளிறிப்போய்ப் படம் முழுவதும் இளஞ்சிவப்பாகிவிடும். சாயம் ஏற்றி அச்சிட்ட டெக்னிகலர் பிரதியிலோ நிறம் அப்படியே நிற்கும்.

உரிமையாளரின் அனுமதியின்றிச் செய்யும் இவ்வேலையைச் சட்டம் ஏற்காது என்பதை நான் மறுக்கவில்லை. ஆயினும் இதைத் திருட்டு விசிடியோடு சேர்த்துப் பேசுவது அநியாயம். மக்கள் பார்த்த படம் எதுவோ அதுவும் வரலாறுதான். அதைத் திருத்தும் உரிமை படைப்பாளிக்கு இருக்கலாம், இல்லாமல் ஆக்கும் உரிமை எவருக்கும் இல்லை.

தமிழில் கர்ணன் 2012இல் மெருகேற்றப்பட்டு மீண்டும் திரைக்கு வந்தபோது நான் மிகவும் மகிழ்ந்தேன். ஆனால் பொதுவாக இத்தகைய மறுவெளியீடுகளில் ஒரே தடத்தில் பதிந்த மோனோ ஒலியைப் பல தடங்களாகப் பிரிப்பதும், அகலத்திரைக்காகப் படச்சட்டத்தின் மேலும் கீழும் வெட்டுவதும் எனக்கு உடன்பாடில்லை. பெரும்பகுதி சிங்கப்பூரிலேயே படமான நினைத்தாலே இனிக்கும் (1979) போன்ற படத்தில் வெட்டுப்படும் விளிம்பில் இருப்பது நம் ஊரின் பழைய தெருவாகவும் இருக்கலாம்.

இழப்பு நமக்குப் புதிதன்று. தமிழ்ப் படங்களையும் இயக்கிய பி. என். ராவ், கேத்தே-கெரிஸ் நிறுவனத்துக்காக இங்கே எடுத்த பொந்தியானாக் (1957) படத்தின் பிரதி இன்று எங்கும் இல்லை.

எனவே, அந்நாளைய விநியோகஸ்தர், ஆப்பரேட்டர் குடும்பங்களுக்கு ஒரு வேண்டுகோள். வீட்டில் ரீல் பெட்டி இருந்து, திறந்ததும் காடி நெடி அடித்தால், அசிட்டேட் என்ற பிளாஸ்டிக்காலான படச்சுருள் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். சுருங்கிய சுருளின் ஓரத்துளைகள் பல்சக்கரத்தில் பொருந்தாமல் கிழியும் என்பதால், ஆசையாக இருந்தாலும் புரொஜெக்டரில் ஏற்றிப் பார்க்காதீர்கள். குப்பையிலும் போடாதீர்கள். 2005இல் இங்கு தொடங்கப்பட்ட ஏஷியன் ஃபிலிம் ஆர்க்கைவ் என்ற திரைப்படக் காப்பகத்தை முதலில் கேளுங்கள்.