அந்தப் படத்தில் இருப்பவர்கள் எந்தப் பக்கத்துப் படை?

வரிசையாக நிற்கும் கறுப்பினச் சிப்பாய்களின் பழைய புகைப்படம் ஒன்று அடிக்கடி சுற்றுக்கு வருகிறது. கீழே 'லூசியானா நேட்டிவ் கார்ட், 1861' என்று எழுதியிருக்கும். "அமெரிக்க உள்நாட்டுப் போரில் கறுப்பர்களே தென்மாநிலப் படையில் சேர்ந்து சண்டை போட்டார்கள், அப்புறம் எப்படி அது அடிமை முறைக்கான போர்?" என்ற கேள்வியும் கூடவே வரும்.

தவறு. படம் எடுக்கப்பட்டது 1864இல், வடக்கே பிலடெல்பியாவில். நிற்பவர்கள், தனி நாடாகப் பிரிந்துபோன தென்மாநிலங்களை எதிர்த்துப் போரிட்ட லிங்கன் அரசின், அதாவது வடக்கின், படைவீரர்கள். அசல் படத்தின் இடது ஓரத்தில் வடக்குப் படையின் வெள்ளை அதிகாரி ஒருவர் இருக்கிறார். போலியில் அவரை மட்டும் கச்சிதமாக வெட்டியிருக்கிறார்கள். வேடிக்கை என்னவென்றால், கறுப்பர்களை வடக்குப் படைக்கு அழைத்த சுவரொட்டியே இந்தப் படத்தைப் பார்த்து வரையப்பட்டதுதான்.

லூசியானா நேட்டிவ் கார்ட் என்ற பெயரில் தெற்கே நியூ ஆர்லியன்ஸில் ஒரு படைப்பிரிவு இருந்தது உண்மை. அடிமைகளாக இல்லாத கறுப்பர்கள் சேர்ந்தது அது. தெற்கு அரசு அதைப் போர்க்களத்துக்கு அனுப்பவே இல்லை. தென்படையோடு போன கறுப்பர்களில் பெரும்பாலானோர் சமைக்கவும் குழி வெட்டவும் இழுத்துச் செல்லப்பட்ட அடிமைகள்.

கறுப்பர்களைச் சிப்பாய்களாகச் சேர்க்கத் தெற்கு நாடாளுமன்றம் சட்டம் போட்டது 1865 மார்ச் 13 அன்று. தென்படையின் முக்கியத் தளபதி லீ சரணடைந்தது ஏப்ரல் 9. இடையில் நான்கு வாரம்கூட இல்லை. அந்த யோசனையைக் கடுமையாக எதிர்த்தவர்களில் ஒருவர் தென்படைத் தளபதி ஹவல் காப். அடிமைகள் நல்ல சிப்பாய்கள் ஆவார்களென்றால் அடிமை முறை பற்றிய நம் கொள்கை முழுவதும் தவறாகிவிடும் என்று அந்த ஜனவரியில்தான் அவர் எழுதியிருந்தார்.