ப்ரொஃபசரும் சீரியல்காரர்தான்

நேற்று ஓர் இணையக் குழுவில் நடந்த கூத்தைப் பாதிப் பேர் பார்த்திருப்பீர்கள். யார் என்று நான் சொல்லப் போவதில்லை. 'மணி ஹெய்ஸ்ட்' என்ற ஸ்பானிஷ் கொள்ளைத் தொடரில் ப்ரொஃபசராக வரும் நடிகர் ஆல்வரோ மோர்த்தேவைப் பற்றி எட்டுப் பத்தி உருகிவிட்டு, கடைசியில் ஒரு வரி: "நம்ம சீரியல் மூஞ்சிகளுக்கு இதெல்லாம் ஏழு ஜென்மத்துக்கும் வராது." கீழே வரிசையாகச் சிரிப்பு எமோஜி. அதில் என் நண்பர்கள் சிலரும் உண்டு. பார்த்தேன், சந்தோஷம்.

ஐயா, ப்ரொஃபசரே சீரியல்காரர்தான்.

ஸ்பெயினில் ஆந்தேனா 3 சேனலில் 'எல் செக்ரெத்தோ தே புவெந்தே வியேஹோ' என்று ஒரு தினசரித் தொடர். பிற்பகலில் வரும். கிராமம், குடும்பப் பகை, யார் யாருடைய பிள்ளை என்ற ரகசியம், எல்லாம் உண்டு. இரண்டாயிரம் எபிசோடைத் தாண்டி 2020 வரை இழுத்தார்கள். அதில் 2014 முதல் 2017 வரை லூகாஸ் என்ற டாக்டராக வந்தவர்தான் நீங்கள் உருகும் ஆள். அதற்கு முன்பும் தொலைக்காட்சிதான். 2002இல் ஓர் ஆஸ்பத்திரித் தொடரில் தொடங்கி, சின்னதும் பெரிதுமாகப் பதினைந்து வருடம். ப்ரொஃபசர் கிடைத்தபோது வயது 42.

"அங்கே சீரியலின் தரமே வேறு" என்று ஒருவர் வருவார். வாங்க. தினமும் ஓர் எபிசோடு கொடுத்தாக வேண்டிய இடத்தில் எந்த ஊரிலும் ஒரே கதிதான். காலையில் கைக்கு வரும் வசனத்தை மதியம் மனப்பாடமாகச் சொல்ல வேண்டும், ரீடேக் கேட்டால் முறைப்பார்கள். "சீரியலில் ஓவர் ஆக்டிங்" என்பீர்கள். சரி, இருக்கிறது. அடுத்தது?

அடுத்தது, எல்லாம் அதிர்ஷ்டம் என்பீர்கள். 2017 மே மாதம் அதே ஆந்தேனா 3இல் 'மணி ஹெய்ஸ்ட்' வந்தபோது முதல் நாள் நாற்பது லட்சம் பேருக்கு மேல் பார்த்தார்கள். முடியும்போது ஏறக்குறைய பாதிதான் மிச்சம். பிறகு நெட்ஃபிளிக்ஸ் எடுத்து உலகம் முழுக்கக் காட்டியது, 2018இல் சர்வதேச எம்மி என்ற பெரிய தொலைக்காட்சி விருதே வந்தது. அதிர்ஷ்டம்தான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அது வந்த நாளில், மூக்குக்கண்ணாடியை ஒரு விரலால் ஏற்றியே உள்ளே ஓடும் பயத்தைக் காட்ட ஒருவர் தயாராக இருந்தாரே? அந்த விரல் எங்கே பழகியது? சீரியலில். நாடக மேடையிலும்தான், சொந்தமாக ஒரு நாடகக் குழுவே வைத்திருக்கிறார். நடுவில் இடது காலில் கட்டி, காலை எடுக்க வேண்டி வருமோ, உயிரே போகுமோ என்கிற பயம் வேறு. அதையும் தாண்டித்தான் மறுபடி கேமரா முன்னால் வந்து நின்றார்.

எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று கேட்கலாம். போன மாதம் ஒரு கல்யாணம். கை கழுவும் இடத்தில் சொந்தக்காரர் ஒருவர், இலையில் வைத்த ஜாங்கிரி இன்னும் வாயில், "தம்பி, இன்னும் சீரியல்லதானா?" என்றார். பதினோரு வருடமாக நடிக்கிறேன். "ஆமாம் மாமா" என்று சிரித்தேன். அந்தச் சிரிப்பை எந்த இயக்குநரும் ஒரே டேக்கில் ஓகே பண்ணியிருப்பார். வீட்டுக்கு வந்து சாப்பிடவில்லை. அதே மாமாவின் மகள்தான் மறுநாள் என்னோடு எடுத்த செல்ஃபியை ஸ்டேட்டஸில் வைத்திருந்தாள், அது வேறு கதை.

ஸ்பெயின்காரன் செய்தால் கலை, நான் செய்தால் மூஞ்சி. அப்படித்தானே?

விடுங்கள். நாளை காலை ஆறு மணிக்கு ஸ்பாட்டில் இருக்க வேண்டும். இந்த வாரம் என் கேரக்டர் கோமாவில். நாள் முழுக்கக் கண்ணை மூடிப் படுத்திருக்க வேண்டும். இமை ஆடாமல் படுப்பேன்.